இந்தக் கோடையில் யார் போகிறார்கள்? டொரினோ கால்பந்துக் கழகத்துக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய தலைவர் உர்பானோ கைரோ அவர்களுக்கும், டொரினோ கால்பந்துக் கழக நிர்வாகத்தினருக்கும்,

வணக்கம்.

உங்கள் ஊரில் நான் குடியிருக்க ஆரம்பித்துப் பத்து வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. படிக்க வந்தவன், வேலை கிடைத்து அப்படியே தங்கிவிட்டேன். இத்தாலிய மொழியை வைத்து அலுவலகத்திலும் கடைகண்ணியிலும் சமாளித்துவிடுவேன். மனசில் கிடப்பதைக் கொட்ட வேண்டும் என்றால் எனக்குத் தமிழ்தான் வருகிறது. அதனால் இந்த மடலைத் தமிழில் எழுதுகிறேன். என்னைப் போலவே தூரத்து ஊர்க் கழகம் ஒன்றின்மேல் உயிரை வைத்திருக்கும் தமிழர்கள் நிறையப் பேர் உண்டு. அவர்களும் படிக்கட்டும்.

எங்கள் எதிர்வீட்டில் ஒரு பெரியவர் இருக்கிறார். எண்பதைத் தாண்டியவர். 1976ல் டோரோ (டொரினோ அணியின் செல்லப்பெயர்) கடைசியாக லீக் பட்டம் வென்ற அன்று மைதானத்தில் இருந்தவர். முன்கள ஆட்டக்காரர் புலிச்சி அந்த சீசனில் 21 கோல் அடித்ததை நேற்று நடந்தது போலச் சொல்வார். என்னை இந்தக் கழகத்துக்குள் இழுத்து வந்தவர் அவர்தான். 2015 ஏப்ரல் 26ஆம் தேதி, இதே ஊர்க் கழகமான யுவென்டஸுடனான டெர்பி ஆட்டத்தைப் பார்க்கத் தன் வீட்டுக்குக் கூப்பிட்டார். யுவென்டஸின் பிர்லோ அடித்த ஃப்ரீ கிக் உள்ளே போனதும் தலையைக் குனிந்துகொண்டார். நம் தர்மியன் சமன் செய்தார். இரண்டாம் பாதியில் குவாலியரெல்லா அடித்தார். யுவென்டஸை டோரோ டெர்பியில் வென்று அப்போது இருபது வருடம் ஆகியிருந்தது என்பது எனக்குத் தெரியாது. ஆட்டம் முடிந்ததும் அந்த மனிதர் எழுந்து சமையலறைக்குப் போய், குழாயைத் திறந்துவிட்டு, முகம் கழுவிக்கொண்டே நெடுநேரம் நின்றார். அன்றைக்கே நான் டோரோக்காரன் ஆகிவிட்டேன்.

அதற்குப் பிறகு இன்னொரு டெர்பி வெற்றியை நாங்கள் இருவரும் பார்க்கவில்லை. பத்து வருடம் ஓடிவிட்டது.

ஒவ்வொரு ஜூன் மாதமும் படிக்கட்டில் என்னைப் பார்த்ததும் அவர் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: "இந்தக் கோடையில் யார் போகிறார்கள்?" மற்றக் கழகத்து ரசிகர்கள் யார் வருகிறார்கள் என்று கேட்கும் மாதம் அது. உங்களுக்கு எழுத வேண்டும் என்று தோன்றியதே அந்தக் கேள்வியால்தான்.

சொல்ல வேண்டிய நன்றியை முதலில் சொல்லிவிடுகிறேன். 2005ல் இந்தக் கழகம் திவாலாகி நின்றது. ஆடி ஜெயித்த சீரி ஆ (இத்தாலியின் முதல்நிலை லீக்) இடம்கூடக் கடனால் கைநழுவிப் போனது. அந்த செப்டம்பரில் நீங்கள் வந்து எடுத்துக்கொண்டீர்கள். 2025 செப்டம்பரோடு இருபது வருடம். ஏறுவதும் இறங்குவதுமாக இருந்த அணி, 2012ல் மேலே வந்த பிறகு ஒரு முறையும் கீழே போகவில்லை. கழகம் இன்று பிழைத்துக் கிடப்பது பெரிய விஷயம். இதை மறந்துவிட்டுப் பேசுகிறவன் நான் இல்லை.

ஆனால் பிழைத்திருப்பது மட்டும் எத்தனை காலத்துக்குப் போதும்? இவான் யுரிச் பயிற்சியாளராக இருந்த மூன்று சீசனில் பத்தாம் இடம், பத்தாம் இடம், ஒன்பதாம் இடம். பாவ்லோ வனோலியின் கீழ் 2024-25ல் பதினோராம் இடம். 38 ஆட்டத்தில் 10 வெற்றி, 14 சமன், 14 தோல்வி, 44 புள்ளி. பதினோராம் இடம் என்பதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. இருபது அணிகளில் யாராவது அந்த இடத்தில் இருந்துதான் ஆக வேண்டும். என்னை உறுத்துவது அந்த இடத்துக்கு நாம் வந்து சேர்ந்த விதம்.

2024 ஆகஸ்ட் 17, மிலான் நகரின் சான் சிரோ மைதானம், மிலான் அணியுடன். சீசனின் முதல் ஆட்டம். 89ஆம் நிமிடம் வரை இரண்டு கோல் முன்னிலை. கடைசியில் 2-2. மனசு வலித்தாலும் அணி நன்றாக ஆடியிருந்தது. முதல் கோலுக்குக் காரணமான தலைமுட்டு வலது ஓரத்து ரவுல் பெல்லனோவாவினுடையது. அதற்கு முந்தைய சீசனிலேயே எங்கள் எல்லோருக்கும் பிடித்துப்போன ஆட்டக்காரர். அந்த ஆட்டம் முடிந்து ஒரு வாரம்கூட ஆகவில்லை, அவரை அட்லாண்டாவுக்கு விற்ற செய்தி வந்தது. அடுத்த ஆட்டமே அட்லாண்டாவுடன், நம் மைதானத்தில்.

அந்த ஞாயிற்றுக்கிழமை நம் பயிற்சி மைதானமான பிலடெல்பியாவில் இருந்து ஸ்டேடியம் வரை ரசிகர்கள் ஊர்வலமாகப் போனார்கள். நானும் நடந்தேன். கால்மணி நேரம்கூட ஆகாத தூரம், அன்றைக்கு வெகுநேரம் எடுத்தது. என் பக்கத்தில் ஒரு அம்மா தன் மகளின் கையைப் பிடித்துக்கொண்டு வந்தார். அந்தச் சிறுமி போட்டிருந்த மாதுளை நிறச் சட்டையில் பெல்லனோவாவின் பெயர். "இதை இனிமேல் போடக்கூடாதா அம்மா?" என்று அவள் கேட்டாள். அந்த அம்மா பதில் சொல்லவில்லை. ஐயா, கணக்குப் புத்தகத்தில் அந்த விற்பனை எந்த வரியில் வரும் என்று எனக்குத் தெரியாது. அந்தக் கேள்வி எழுந்த இடத்தில் நான் இருந்தேன். அதை உங்களிடம் கொண்டுவந்து சேர்ப்பது என் கடமை என்று நினைக்கிறேன்.

உள்ளே போனதும் நடந்ததைப் பாருங்கள். அட்லாண்டா முதலில் அடித்தது. இலிச் சமன் செய்தார், செ ஆடம்ஸ் முன்னிலை கொடுத்தார். ஆட்டம் முடியும் தறுவாயில் பெனால்டி. பசாலிச் உதைத்த பந்தை நம் கோல்காப்பாளர் வன்யா மிலின்கோவிச்-சவிச் தடுத்துவிட்டார். வெளியே கோபத்தோடு நடந்து வந்த அதே கூட்டம் உள்ளே ஒருவரை ஒருவர் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றது. டோரோக்காரர்கள் பிணங்குவார்கள், ஆனால் கைவிட மாட்டார்கள். இதை நீங்கள் பலமாக எடுத்துக்கொள்ள வேண்டும். இதுவே போதும் என்று சமாதானமாகிவிடக் கூடாது.

அப்புறம் வந்த நாலு வாரத்தை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். வெனிசியாவில் 1-0. லெச்சேயுடன் கோலில்லாச் சமன். செப்டம்பர் 20ஆம் தேதி வெரோனாவில் 3-2. ஐந்து ஆட்டத்தில் 11 புள்ளி, சீரி ஆ பட்டியலின் உச்சியில் டோரோ தன்னந்தனியாக! மறுநாள் காலை பெரியவர் செய்தித்தாளில் அந்தப் பட்டியலை மட்டும் கத்தரித்து எடுத்து, அடுப்பங்கரை அலமாரிக் கதவில் ஒட்டியிருந்தார். இன்னமும் அங்கேதான் இருக்கிறது. ஓரம் மஞ்சளாகிவிட்டது. நாலு நாள் கழித்துக் கோப்பா இத்தாலியாவில் (இத்தாலியக் கோப்பைப் போட்டி) எம்போலி நம்மைச் சொந்த மண்ணிலேயே வெளியேற்றியது. அதுகூட அப்போது பெரிதாக வலிக்கவில்லை.

அக்டோபர் 5, மறுபடியும் சான் சிரோ, இன்டருடன். நம் தற்காப்பு ஆட்டக்காரர் மரிபான் இருபதாவது நிமிடத்திலேயே சிவப்பு அட்டை வாங்கிவிட்டார். பத்துப் பேரை வைத்துக்கொண்டும் அணி மடங்கவில்லை. கேப்டன் துவான் சப்பாட்டா ஒரு கோல் அடித்தார். ஆட்டத்தின் பிற்பகுதியில் அவரே முழங்காலைப் பிடித்துக்கொண்டு விழுந்தார். பெரியவர் டிவியின் சத்தத்தை நிறுத்திவிட்டார். 3-2 தோல்வி எங்களுக்கு நினைவிலேயே இல்லை. இடது முழங்காலில் முன் சிலுவைத் தசைநாரும் மெனிஸ்கஸ் என்ற குருத்தெலும்பு இரண்டும் போய்விட்டன என்று பிறகு செய்தி வந்தது. அந்த சீசனில் அவர் திரும்பி வரவில்லை.

காயம் யார் கையிலும் இல்லை. அதற்காக உங்களை நான் ஒரு வார்த்தையும் சொல்லமாட்டேன். ஆனால் முப்பத்து மூன்று வயதைத் தாண்டிய ஒருவரின் முழங்காலை நம்பி ஒரு முழு அணியைக் கட்டிவிட்டு, அந்த முழங்கால் போனால் மாற்று யார் என்று யோசிக்காமல் இருந்ததை விதி என்று சொல்ல முடியவில்லை. அதற்குப் பிறகு டிசம்பர் முடியும் வரை லீக்கில் 11 ஆட்டம். ஜெயித்தது இரண்டு: கோமோவுடன் ஒன்று, எம்போலியில் ஒன்று. இரண்டும் 1-0. எம்போலியில் ஆடம்ஸ் நடுக்கோட்டுக்குப் பக்கத்தில் இருந்து தூக்கி அடித்த பந்து கோலுக்குள் விழுந்தது. அழகான கோல்தான். ஆனால் அவ்வளவு தூரத்தில் இருந்து அடிக்க வேண்டியிருந்ததே நம் நிலைமையைச் சொல்லிவிட்டது. சீசன் முழுக்க நாம் அடித்தது 39 கோல். அதில் ஆடம்ஸ் மட்டும் 9.

அக்டோபரில் ஆட்டக்காரர்களை வாங்கி விற்கும் சந்தை மூடிக் கிடந்தது, சரி. ஜனவரியில் திறந்தது. செல்சியிலிருந்து கசதேய் வந்தார், லைப்சிக்கிலிருந்து கடனாக எல்மாஸ் வந்தார், பிராகி வந்தார். நல்ல தேர்வுகள், மனசாரச் சொல்கிறேன். சப்பாட்டா நின்ற இடத்தில் நிற்கக்கூடிய தேர்ந்த சென்டர் ஃபார்வர்டு மட்டும் வரவில்லை. அப்படியிருந்தும் வனோலி அந்த அணியைத் தூக்கி நிறுத்தினார். ஜனவரி டெர்பியில் விலாசிச் தூரத்தில் இருந்து அடித்து 1-1 ஆக்கினார். பிப்ரவரி 22ஆம் தேதி மிலான் இங்கே வந்தது. புலிசிச்சின் பெனால்டியை வன்யா தடுத்தார். அதே மாதத் தொடக்கத்தில் பெர்காமோவில் அட்லாண்டாவின் ரெத்தேகி அடித்த பெனால்டியையும் தடுத்திருந்தார். மிலான் சமன் செய்த சூடு ஆறுவதற்குள், ஃப்ரீ கிக்கைச் சட்டென்று எடுத்துக் கொடுத்தார்கள், நம் இளைஞர் அணியில் வளர்ந்த கினெய்டிஸ் அடித்துவிட்டார். 2-1. நான் உட்கார்ந்திருந்த பிரிமவேரா ஸ்டாண்டில் யார் யாரைக் கட்டிப்பிடித்தார்கள் என்றே தெரியவில்லை.

அந்த ஆட்டத்தில் இருந்து ஏப்ரல் 23ல் உதினேசேயை வென்றது வரை எட்டு ஆட்டத்தில் ஒரே ஒரு தோல்வி. கையில் 43 புள்ளி, இன்னும் ஐந்து ஆட்டம் பாக்கி. அந்த ஐந்தில் நமக்குக் கிடைத்தது ஒரு புள்ளி. வெனிசியாவுடன் சமன், மற்ற நாலும் தோல்வி. அந்த நாலிலும் ஒரு கோல்கூட அடிக்கவில்லை.

இங்கேதான் நான் நிற்க விரும்புகிறேன். இத்தாலியில் நாற்பது புள்ளியைத் தொட்டால் கீழே இறங்கும் பயம் போய்விடும் என்று காலங்காலமாகச் சொல்வார்கள். நம் கழகத்தில் அந்தக் கோட்டைத் தொட்டதும் சீசனே முடிந்துபோகிறது. மேலே ஐரோப்பியப் போட்டிகளுக்கான இடம் எட்டவில்லை, கீழே ஆபத்து இல்லை, நடுவில் ஏப்ரலும் மேயும் சும்மா கிடக்கின்றன. ஆட்டக்காரர்கள் ஓடவில்லை என்று நான் சொல்லவில்லை. எதற்காக ஓட வேண்டும் என்று அவர்களிடம் யாராவது சொன்னார்களா என்பதுதான் என் கேள்வி. கடைசி ஆட்டம் மே 25, ரோமாவுடன், 0-2. தீவிர ரசிகர்களின் மரத்தோனா ஸ்டாண்டு அந்த சீசன் முழுக்க எழுப்பிய கோஷங்களை நீங்கள் கேட்டிருப்பீர்கள், நான் திரும்பச் சொல்ல வேண்டியதில்லை. எனக்கு முன் வரிசையில் ஒரு பையன், முதுகில் சப்பாட்டாவின் 91. ஆட்டம் முடிவதற்குப் பத்து நிமிடம் முன்பே எழுந்து, "இவர் எப்போ வருவார்?" என்று தன் அப்பாவிடம் கேட்டுக்கொண்டே படியேறினான்.

விற்காதீர்கள் என்று கேட்க நான் விவரம் தெரியாதவன் இல்லை. நடுவரிசைக் கழகம் விற்றுத்தான் பிழைக்க வேண்டும். போலோன்யாவைப் பாருங்கள். 2022ல் நாம் பத்தாவது, அவர்கள் பதின்மூன்றாவது. 2024 கோடையில் பயிற்சியாளர் மோட்டா யுவென்டஸுக்குப் போனார், சிர்க்சேயும் கலாபியோரியும் இங்கிலாந்துக்குப் போனார்கள். நம்மைவிடப் பெரிய இழப்பு. 2025 மே 14ல் ரோமில் மிலானை 1-0 என்று வென்று கோப்பா இத்தாலியாவைத் தூக்கினார்கள், 51 வருடத்துக்குப் பிறகு ஒரு கோப்பை. அட்லாண்டா அதற்கு முந்தைய வருடமே ஐரோப்பா லீக் வென்றது. அவர்களும் விற்கிறார்கள். விற்கும்போதே அடுத்தவரை யோசித்து வைத்திருக்கிறார்கள். விற்ற பணம் அணிக்குள் திரும்பி வருவது அங்கே ரசிகனின் கண்ணுக்குத் தெரிகிறது.

நம் கடைசிக் கோப்பை 1993 கோப்பா இத்தாலியா. அதற்கு ஒரு வருடம் முன்பு, ஆம்ஸ்டர்டாமில் அயாக்ஸுடன் யூஈஎஃப்ஏ கோப்பை இறுதியாட்டத்தில் பந்து மூன்று முறை கம்பத்தில் பட்டுத் திரும்பியது. பயிற்சியாளர் மொண்டோனிக்கோ நாற்காலியைத் தலைக்குமேல் தூக்கிக்கொண்டு நின்ற படம் இந்த ஊர்க் கடைகளில் இன்றும் தொங்குகிறது. தோற்ற இறுதியாட்டத்தின் படத்தை முப்பது வருடமாக மாட்டி வைத்திருக்கிறார்கள் என்றால், இவர்கள் கேட்பது கோப்பை மட்டும் இல்லை என்று உங்களுக்குப் புரியவேண்டும்.

இந்த 2025 கோடையில் மறுபடியும் அதே கதை. வனோலி அனுப்பப்பட்டார், பரோனி பயிற்சியாளராக வந்தார். நடுக்களத்தின் மூளையான ரிச்சி மிலானுக்குப் போய்விட்டார். பெனால்டிகளைத் தடுத்த வன்யா நப்போலிக்குப் போய்விட்டார். எல்மாஸ் கடன்காலம் முடிந்து திரும்பிவிட்டார். பரோனிக்கு நல்லதே நடக்கட்டும், அவர் உழைப்பாளி. ஆனால் அவரும் முதல் ஆட்டத்துக்கு ஒரு அணியைக் கட்டி, இரண்டாம் ஆட்டத்துக்கு வேறொன்றைக் கட்டும்படி ஆகிவிடக் கூடாது. விற்பது என்று முடிவெடுத்துவிட்டால் ஜூலைக்குள் விற்றுவிடுங்கள். சீசன் விசில் ஊதிய பிறகு தயவுசெய்து வேண்டாம். சப்பாட்டா தேறி வந்தாலும் வராவிட்டாலும் அவருக்குப் பக்கத்தில் ஒரு சென்டர் ஃபார்வர்டு வேண்டும். கினெய்டிஸ் மாதிரி உள்ளே வளர்ந்த பையன்களில் ஒருவரையாவது விலைப்பட்டியலில் இருந்து எடுத்து, மூன்று வருடம் இங்கேயே இருப்பார் என்று வெளிப்படையாகச் சொல்லுங்கள்.

பிலடெல்பியாவின் கதவையும் திறந்துவிடுங்கள். உங்களுக்குத் தெரிந்ததுதான், படிப்பவர்களுக்காகச் சொல்கிறேன். 1940களின் மகா டொரினோ ஆடிய மைதானம் அது. ஆறு வருடத்துக்கும் மேல் லீக்கில் அங்கே தோல்வியே கிடையாது. ஆட்டம் மந்தமானால் கூட்டத்தில் இருந்து ஒரு ரயில்வே ஊழியர் ஊதுகொம்பை ஊதுவாராம். கேப்டன் வலென்டினோ மட்ஸோலா சட்டைக் கையை மடித்துவிடுவாராம். அப்புறம் எதிரணி தாங்காதாம். அந்த மைதானம் பாழடைந்து, 1997ல் இடிக்கப்பட்டு, ரசிகர்கள் இருபது வருடம் போராடி 2017ல் பயிற்சி மைதானமாகத் திரும்பி வந்தது. பழைய ஸ்டாண்டின் இரண்டு துண்டுகள் அங்கே அப்படியே நிற்கின்றன. இன்றைக்குப் பெரும்பாலான நாள் கதவு சாத்தியே கிடக்கிறது. பெரியவர் அந்த வழியாகப் போகும்போதெல்லாம் வேலிக்கு இப்பால் நின்று பந்து உதைபடும் சத்தத்தை மட்டும் கேட்டுவிட்டு வருகிறார். வாரத்தில் ஒரு நாள் திறக்க உங்களுக்குச் செலவு ஒன்றுமே ஆகாது.

கடைசியாக, சூப்பர்கா குன்று. 1949 மே 4. அந்த மகா டொரினோ அணி லிஸ்பனில் பென்ஃபிகாவுடன் நட்பு ஆட்டம் ஆடிவிட்டுத் திரும்பிய விமானம், மேகத்துக்குள் குன்றின் மேலிருக்கும் பசிலிக்கா தேவாலயத்தின் பின்சுவரில் மோதியது. இறந்தவர்கள் 31 பேர், அதில் ஆட்டக்காரர்கள் 18 பேர். ஒவ்வொரு வருடமும் அந்த நாளில் அணி மேலே போகிறது. 31 பெயரையும் ஒருவர் உரக்க வாசிக்கிறார். நான் முதல் தடவை போனபோது பெரியவருக்கு முழங்கால் நன்றாக இருந்தது. அடிவாரத்தில் இருந்து காட்டுப்பாதை வழியாக நடந்தே ஏறினோம். சுவருக்குப் பக்கத்தில் கம்பி வேலி நெடுகக் கழுத்துத் துண்டுகள். எங்கெங்கிருந்தோ வந்தவர்கள் கட்டியவை, மழையில் நிறம் போனவை. வாசிக்க ஆரம்பித்ததும் பறவைச் சத்தம்கூடத் தனியாகக் கேட்டது. பெரியவர் ஒவ்வொரு பெயருக்கும் உதட்டை மட்டும் அசைத்தார். வரிசை அவருக்கு மனப்பாடம்.

2024ல், 75ஆம் ஆண்டு நினைவு நாளில், வாசித்தவர் அலெசாந்த்ரோ புவோன்ஜோர்னோ. டொரினோவிலேயே பிறந்து, சின்ன வயதில் இருந்து இந்தச் சட்டையைப் போட்டு வளர்ந்தவர். அதற்கு முந்தைய கோடையில் அட்லாண்டா கூப்பிட்டும் போகாமல் நின்றவர். இரண்டே மாதத்தில், ஜூலையில், அவர் நப்போலிக்குப் போய்விட்டார். அடுத்த மே மாதம் அங்கே சாம்பியன் ஆனார். அவருக்கு எங்கள் வாழ்த்துகள் உண்டு, ஒரு குறையும் இல்லை.

பெரியவரால் இப்போது மலை ஏற முடிவதில்லை. வரும் மே 4ஆம் தேதி நான் அவரை டாக்சியில் அழைத்துப் போகப் போகிறேன். அன்றைக்கு யாரை வேண்டுமானாலும் வாசிக்கச் சொல்லுங்கள். அவரே அடுத்த வருடமும் அதே இடத்தில், நம் சட்டையோடு நின்று வாசிக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
பிரிமவேரா ஸ்டாண்டில் உட்காரும் ஒரு தமிழன்
டொரினோ, 2025 ஜூலை